வயசு பார்க்கிற வேலை

என்ன வேலை பார்க்கிறாய் என்று யாராவது கேட்டால் "டாக்குமெண்ட் வெரிஃபிகேஷன்" என்று சொல்லி முடித்துக்கொள்வேன். பொய் இல்லை. பாஸ்போர்ட் அல்லது டிரைவிங் லைசென்ஸ், அதைக் கையில் பிடித்துக்கொண்டு எடுத்த செல்ஃபி, கையெழுத்துப் போட்ட ஒப்புதல் படிவம் எல்லாம் ஒரே ஆளுடையதுதானா, பிறந்த தேதிப்படி அந்த ஆளுக்கு 18 முடிந்துவிட்டதா என்று பார்த்து ஓகே கொடுக்க வேண்டும், இல்லாவிட்டால் திருப்பி அனுப்ப வேண்டும். யாருடைய டாக்குமெண்ட் என்பதைத்தான் ஊரில் சொல்வதில்லை. வெளிநாடுகளில் சட்டப்படி நடக்கிற பாலியல் படத் தொழிலில் இருப்பவர்களுடையது. அதிலும் தாங்களே வீடியோ எடுத்துத் தாங்களே விற்கிறவர்கள்தான் எங்கள் வரிசையில் அதிகம்.

வீடியோ பார்க்கிற பிரிவு வேறு. எனக்கு வருவது முகம், எண், தேதி, கையெழுத்து மட்டும். இதைச் சொன்னால் யாரும் நம்பமாட்டார்கள் என்பதால்தான் சொல்வதில்லை.

மாயவரத்தை அடுத்த குத்தாலத்துக்குப் பக்கத்தில் எங்கள் ஊர். சென்னையில் ஓ.எம்.ஆரில் இருந்த ஆபீஸ் கொரோனாவில் எல்லோரையும் லேப்டாப்போடு வீட்டுக்கு அனுப்பியது. மாமனாருக்கு உடம்புக்கு முடியாமல் போகவே நாங்கள் ஊரோடு வந்துவிட்டோம். வீட்டுக்காரர் உரக்கடை வைத்தார். எனக்கு, முன்பு பத்தாயம் இருந்த உள்ளறையை ஒழித்துக் கொடுத்தார்கள். ராத்திரி ஷிப்ட். கதவைத் தாழ்போட்டுக்கொள்ள வேண்டும், போனை வெளியே வைத்துவிட வேண்டும், மேஜையில் பேனா பேப்பர்கூட இருக்கக் கூடாது. அடுத்தவர் அடையாள அட்டை விஷயம், விதி கறார்தான். மாமியார் அக்கம்பக்கத்தில் "மருமக ஆதார் மாதிரி என்னமோ பாக்குறா, வெள்ளைக்காரங்களுக்கு" என்று சொல்லி வைத்திருக்கிறார். இதைவிடச் சுருக்கமாக என்னாலும் சொல்ல முடியாது.

இந்த வேலை எங்கிருந்து வந்தது என்பதற்குக் காரணம் உண்டு. அமெரிக்காவில் 1988ல் ஒரு சட்டம் வந்தது. இந்த மாதிரிப் படம் எடுப்பவர், நடித்த ஒவ்வொருவரின் வயதுச் சான்றையும் வாங்கிப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும் என்றார்கள். அது ரொம்ப நாள் கம்பெனிகளின் பீரோவுக்குள் இருந்த விஷயம். அப்புறம் 2021ல் மாஸ்டர்கார்டு, பணம் எங்கள் வழியாகப் போக வேண்டுமானால் வீடியோவில் தெரிகிற ஒவ்வொருவருக்கும் அடையாளமும் வயதும் சம்மதமும் ஆவணமாக இருக்க வேண்டும் என்று தளங்களுக்குக் கட்டளை போட்டது. அந்த வருடம் அக்டோபரிலிருந்து நடைமுறை. உட்கார்ந்து பார்க்க ஆள் வேண்டுமே. அப்படித்தான் ஒரு அமெரிக்க அட்டைக் கம்பெனியின் விதி காவிரிக் கரையில் எனக்குச் சோறு போடுகிறது.

சேர்ந்த புதிதில் எல்லோரையும் போலத்தான் நானும் நினைத்தேன்: வருவதெல்லாம் பதினெட்டு, பத்தொன்பது வயதுப் பெண்களாகத்தான் இருக்கும், தேதியைக் கூட்டிக் கழித்துப் பார்ப்பதே வேலையாக இருக்கும் என்று. அவர்களும் வருகிறார்கள். ஆனால் பிறந்த வருடம் என்ற இடத்தில் 1971 வரும், 1966 வரும், ஒரு தடவை 1958 வந்தது. தட்டச்சுப் பிழை என்று நினைத்து லைசென்ஸைப் பெரிதாக்கிப் பார்த்தால் சரியாகத்தான் இருந்தது. என் சித்தி வயது. கண்ணாடி போட்ட, கழுத்து சுருங்கிய, நன்றாகச் சிரிக்கிற ஓர் அம்மாள்.

லைசென்ஸ் காலாவதியானால் புதியதை ஏற்றியாக வேண்டும். இல்லாவிட்டால் கணக்கு நின்றுவிடும். அதனால் பழைய ஆள் மறுபடி வருவார். திரையில் இடது பக்கம் பழைய அட்டை, வலது பக்கம் புதியது. பழையதில் செம்பட்டை முடி, புதியதில் நரையை மறைக்காமல் அப்படியே விட்டிருப்பார். பெயர் அதே, கையெழுத்து அதே, கையெழுத்தின் கடைசிச் சுழி மட்டும் கொஞ்சம் சோம்பேறித்தனமாக இருக்கும். இத்தனை வருடமாக ஒரே தொழிலில் இருக்கிறாரே என்று தோன்றும். ஐ.டி.யில் என்னோடு சேர்ந்தவர்களில் எத்தனை பேர் இன்னும் அதே வேலையில் இருக்கிறார்கள்?

யார் யார் என்று கேட்காதீர்கள். சொல்லக் கூடாது, சொல்லவும் மாட்டேன். ஆனால் இந்த ஆச்சரியத்தால், ஊரறிந்த பெயர்களாக இருப்பவர்களைப் பற்றிப் படிக்க ஆரம்பித்தேன். கீழே வருவதெல்லாம் அப்படிப் படித்தது.

முதலில் ஒரு வேடிக்கை. அந்தத் தொழிலில் "முதிர்ந்தவர்" என்ற பிரிவு முப்பது சொச்சத்திலேயே தொடங்கிவிடுகிறது. 32 வயதுப் பெண்ணைக் கல்லூரிப் பையனுக்குத் தாயாக்கிவிடுவார்கள். இருபதுகளின் தொடக்கத்தில் கிராக்கி, முப்பது தாண்டி "அம்மா" வரிசையில் சேர்ந்தால் மறுபடி கிராக்கி, நடுவில் இருபத்தைந்திலிருந்து முப்பது வரை எந்தக் கணக்கிலும் சேராமல் வேலை குறைகிறது என்று துறையில் இருப்பவர்களே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்கள். நமக்கு இது புதிதா என்ன? ஸ்ரீவித்யா 1975ல் ரஜினிக்கு மனைவியாக நடித்தார், 1991ல் அதே ரஜினிக்கு அம்மாவாக நடித்தார். அப்போது அவருக்கு 38 வயது, ரஜினியைவிட மூன்று வயது இளையவர். குடும்பத்தோடு போய்ப் பார்த்துவிட்டு, அழுதுவிட்டு வந்தோம். ஒருத்தருக்கும் உறுத்தவில்லை. ஒரு வித்தியாசம் உண்டு. நம் சினிமாவில் அம்மா ஆனால் சம்பளம் இறங்கும். அங்கே அந்த வரிசைக்கென்றே வாடிக்கையாளர்கள் இருப்பதால் சந்தை அப்படியே இருக்கிறது.

இது இன்றைக்கு நேற்று வந்த பழக்கமும் இல்லை. அமெரிக்காவில் இந்தப் படங்கள் தியேட்டர்களில் வெளிப்படையாக ஓட ஆரம்பித்த காலத்திலேயே, 1973ல் வந்து மிகப் பேசப்பட்ட ஒரு படத்தின் நாயகி ஜார்ஜினா ஸ்பெல்வினுக்கு, படம் எடுத்தபோது வயது 36. நியூயார்க் மேடைகளில் ஆடிய நடனக்காரி. அந்தப் படப்பிடிப்புக்கு அவர் போனது குழுவுக்குச் சமைத்துப் போடுகிற வேலைக்கு. இயக்குநர் இவரையே நாயகியாக்கிவிட்டார். சமையலையும் விடவில்லையாம். குளோரியா லெனார்ட் 1940ல் பிறந்தவர். இந்தப் பக்கம் வந்தபோதே முப்பதுகளின் நடுவில் இருந்தார். கொஞ்ச காலத்தில் ஒரு பத்திரிகைக்குப் பதிப்பாளர் ஆகிவிட்டார். கேண்டிடா ராயல் நடிப்பதை விட்டுவிட்டு 1984ல் சொந்தமாகத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கினார், பெண்கள் பார்க்கிற மாதிரி எடுக்க வேண்டும் என்று. 2015ல் புற்றுநோயில் இறக்கும்வரை அவர் பெயர் அந்த நிறுவனத்தோடு சேர்த்துத்தான் சொல்லப்பட்டது. லெனார்டும் ராயலும் இன்னும் சில நடிகைகளும் 1983லிருந்து நியூயார்க்கில் ஒருவர் வீட்டில் கூடிப் பேசுகிற ஒரு குழு வைத்திருந்தார்கள். குழந்தை, கணவன், பணம், அடுத்து என்ன செய்வது என்பதுதான் பேச்சு. வெளியே யாரிடமும் பேச முடியாதவர்களுக்கு உள்ளே பேச ஆள் இருந்திருக்கிறது. நீடித்தவர்களைப் பற்றிப் படிக்கும்போது இப்படி யாராவது கூட இருந்திருப்பது திரும்பத் திரும்பக் கண்ணில் படுகிறது.

நான் அதிகம் படித்தது நினா ஹார்ட்லியைப் பற்றி. 1959ல் பிறந்தவர். 1984ல், சான் பிரான்சிஸ்கோவில் நர்சிங் படித்துக்கொண்டிருந்தபோது நடிக்க வந்தார். படிப்பையும் விடாமல் முடித்தார். பதிவு பெற்ற நர்ஸ். இருபத்தைந்து வயதில் வந்தவர் அறுபது தாண்டியும் நடித்துக்கொண்டிருந்தார் என்பதைச் சாதனைப் பட்டியலில் போட்டுவிட்டுப் போய்விடலாம். எனக்குப் பிடித்தது அவர் நடுவில் செய்த காரியம். தொண்ணூறுகளில், தம்பதிகளுக்கும் பெண்களுக்கும் பாலுறவு பற்றி நிதானமாகச் சொல்லிக் கொடுக்கிற வீடியோ வரிசை ஒன்றைத் தொடங்கினார். நர்ஸ் படிப்பு அங்கே கைகொடுத்தது. உடம்பில் எது எங்கே இருக்கிறது, எது வலிக்கும், எதற்குப் பொறுமை வேண்டும் என்று வகுப்பு எடுக்கிற தொனி. பிறகு மேடைப் பேச்சு, கல்லூரிக் கூட்டம், புத்தகம் என்று போய்விட்டார். ஆக, இயக்குநர் கூப்பிடாத மாதத்திலும் அவருக்கு வேலை இருந்தது. வயது ஏற ஏற, சொல்லிக் கொடுப்பவர் என்ற இடத்தில் அவர் பேச்சுக்கு மதிப்பு கூடியது. நேற்று வந்த பெண் அதைச் சொன்னால் யார் கேட்பார்கள்?

ஆண்கள் பக்கம் பார்த்தால் ஜப்பானில் ஷிகேயோ தொகுதா. 1934ல் பிறந்தவர், பயண ஏற்பாட்டு நிறுவனத்தில் வேலை பார்த்தவர். கிட்டத்தட்ட அறுபதில் நடிக்க வந்து எழுபது தாண்டி எத்தனையோ படங்களில் நடித்தார். முதியவர்களை வைத்து எடுக்கிற படங்களுக்கு அங்கே தனிச் சந்தையே உண்டு. நாட்டில் கால்வாசிப் பேருக்கு மேல் 65 தாண்டியவர்களாக இருந்தால் பார்க்கிறவர்களும் அந்த வயதுக்காரர்களாகத்தானே இருப்பார்கள். ஓர் இருபது வயதுப் பையனைத் திரையில் பார்த்து அவர்களுக்கு ஆவது என்ன.

இதெல்லாம் பெயர் வாங்கியவர்கள் கதை. மற்றவர்கள் சீக்கிரம் போய்விடுகிறார்கள். அதற்கு முகச் சுருக்கத்தைவிடப் பெரிய காரணம் கூலிமுறை. ஒரு காட்சிக்கு இவ்வளவு என்று அன்றைக்கே கொடுத்து அனுப்பிவிடுவார்கள். அதற்கு மேல் பங்கு கிடையாது. அந்தப் படம் இருபது வருடம் விற்றாலும் நடித்தவருக்கு ஒரு காசு வராது. ஓய்வூதியம் இல்லை, கம்பெனி எடுத்துக் கொடுக்கும் காப்பீடு இல்லை, ஏஜென்ட்டுக்குக் கமிஷன் உண்டு. பதினான்கு நாளுக்கு ஒருமுறை ரத்தப் பரிசோதனை செய்து காட்டினால்தான் படப்பிடிப்புக்குள் விடுவார்கள். அந்தச் செலவும் பெரும்பாலும் கைக்காசு. எங்கள் பக்கம் நடவுக் கூலிக்கும் சொந்த நிலத்துக்கும் உள்ள தூரம்தான் இது. நட்டுக் கொடுத்துவிட்டுக் கரையேறினால் விளைச்சலில் அவளுக்குப் பேச்சே கிடையாது. அடுத்த வருடம் கூப்பிடுவதும் கூப்பிடாததும் மேஸ்திரி மனசு.

காசெட் காலத்திலும் டி.வி.டி. காலத்திலும் இப்படித்தான் போயிற்று. 2006, 2007 வாக்கில் இலவசமாகப் பார்க்கிற தளங்கள் வந்தன. திருடிப் போட்ட படங்களால் கம்பெனிகளே படுத்துவிட்டன, காட்சிக்கான கூலியும் குறைந்தது. எல்லோரும் ஓய்ந்துவிடுவார்கள் என்று பார்த்தால் நடந்தது வேறு. தாங்களே எடுத்துத் தாங்களே விற்கிற தளங்கள் பெருகின. 2016ல் லண்டனில் தொடங்கிய ஒன்லிஃபேன்ஸ் அதில் பெரியது. சந்தாவில் நூற்றுக்கு இருபது தளத்துக்கு, எண்பது போடுகிறவருக்கு. அதுவரை நடுவில் நின்று வயது கேட்டவர், இடுப்பளவு கேட்டவர், "இந்த மாசம் புதுப் பொண்ணுங்கதான் ஓடுது" என்று சொன்னவர், எல்லோரும் வழியிலிருந்து விலகினார்கள். எங்கள் வரிசைக்கு வருகிற 1966, 1971 எல்லாம் பெரும்பாலும் இப்படி வந்தவர்கள்தான். தொண்ணூறுகளில் நடித்து, விட்டுவிட்டுப் போய், ஏதோ கடையிலோ அலுவலகத்திலோ வேலை பார்த்து, மறுபடி தங்கள் பழைய பெயரைத் தூசி தட்டி எடுத்துக்கொண்டு வந்தவர்களும் அந்தத் துறையில் உண்டு. பழைய ரசிகர்களுக்கும் வயதாகியிருக்கிறது, இப்போது அவர்கள் கையில் கார்டு இருக்கிறது.

ரொம்பச் சொர்க்கமாக நினைத்துவிட வேண்டாம். 2021 ஆகஸ்டில் அந்தத் தளம் அக்டோபரிலிருந்து வெளிப்படையான பாலியல் வீடியோ கிடையாது என்று திடீரென்று அறிவித்தது. வங்கிகள் நெருக்குகின்றன என்று காரணம். ஒரு வாரம்கூட ஆகவில்லை, அறிவிப்பை நிறுத்திவைத்தார்கள். அந்த நாட்களில் எத்தனை பேர் தூங்கினார்களோ. நிலம் சொந்தம் என்று நினைத்தால் வாய்க்கால் அடுத்தவன் கையில். வங்கிகள் இவர்கள் கணக்கைக் காரணம் சொல்லாமல் மூடுவதும் அங்கே அடிக்கடி நடக்கிற கதை. ஐம்பது வயதில் இருக்கிற ஒருத்தி தினமும் செய்தி அனுப்பி, கேள்விக்குப் பதில் எழுதி, வீடியோ வெட்டி ஒட்டி, வரிக்கணக்கு பார்த்து ஓட்டுவது முழு நேரக் கடை நடத்துவதுதான். படுத்துக்கொண்டு சம்பாதிக்கிறார்கள் என்று கேலி பேசுகிறவர்கள் ஒரு வாரம் அந்தக் கடையை நடத்திப் பார்க்கட்டும்.

நம் பக்கத்தில் இதற்குச் சமமான தொழில் சட்டப்படி கிடையாது. ஐ.டி. சட்டம் 67ஏ பிரிவில், இந்த மாதிரிக் காட்சியை இணையத்தில் வெளியிட்டால் முதல் தடவைக்கே ஐந்து வருடம் வரை சிறை, பத்து லட்சம் வரை அபராதம். அதனால் நமக்குத் தெரிந்ததெல்லாம் பிட்டுப் படம்தான். அதைப் பற்றிப் பேச எங்கள் வீட்டில் அத்தாரிட்டி வீட்டுக்காரர். மாயவரத்தில் காலேஜ் படித்த காலத்தில் காலைக் காட்சி 11 மணிக்கு, சைக்கிளை ரெண்டு தெரு தள்ளி நிறுத்திவிட்டுப் போவார்களாம். போஸ்டரில் பாதியைக் கறுப்பு பெயிண்டால் அடித்திருப்பார்கள், அதுவே விளம்பரம். உள்ளே போனால் மலையாளத்தில் ஏதோ ஒரு கதை, நடுவில் சம்பந்தமே இல்லாத வேறு யாரோ வருவார்கள், கூட்டம் நிமிர்ந்து உட்காரும், மறுபடி கதை. "கதையும் புரியாது, பிட்டும் தெரியாது, பக்கத்துல யாரு உக்காந்திருக்காங்கங்கிற பயத்துலயே படம் முடிஞ்சிடும்" என்பார். அந்தத் தியேட்டர் இப்போது கல்யாண மண்டபம். எங்கள் சொந்தத்தில் ஒரு வளைகாப்பு அங்கேதான் நடந்தது. சாப்பாட்டுப் பந்தியில் இவர் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, இலை முன்னால் உட்கார்ந்து தானாகச் சிரித்துக்கொண்டிருந்தார். மாமியார் என்னடா என்று கேட்க, உப்பு கம்மி என்றார்.

அந்த அலைக்குப் பெயர் ஷகீலா. 2000ல் வந்த ஒரு மலையாளப் படத்துக்குப் பிறகு இரண்டு மூன்று வருடம் அவர் பெயர் போட்டால் தியேட்டர் நிறையும் என்ற நிலை. அந்தப் படங்களில் பல காட்சிகள் வேறு ஆட்களை வைத்து எடுத்து அவர் முகத்தோடு ஒட்டியவை என்பதை அவரே பலமுறை பேசியிருக்கிறார். அலை ஓய்ந்தது. சி.டி. வந்தது, அப்புறம் போன் வந்தது, காலைக் காட்சிக்கு யார் போவார்கள். இவருக்கு முன்னால் சில்க் ஸ்மிதா 1996ல் 35 வயதில் போய்ச் சேர்ந்ததைப் பார்த்த ஊர் இது, இவருக்கும் ஏதாவது ஆகும் என்றுதான் எல்லோரும் நினைத்திருப்பார்கள். ஆனால் 2013ல் சுயசரிதை எழுதினார். விஜய் டி.வி.யில் சமையல் நிகழ்ச்சிக்கு வந்து, கூட இருந்த பசங்களை அதட்டி, அழ வைத்து, சோறு ஊட்டி, ஒரே சீசனில் ஷகீலாம்மா ஆகிவிட்டார். அப்புறம் யூடியூபில் உட்கார்ந்து மற்றவர்களைக் கேள்வி கேட்க ஆரம்பித்தார். போஸ்டரைப் பார்த்து முகத்தைத் திருப்பிக்கொண்ட என் மாமியார், "பாவம்டி, நல்லா சமைக்குது" என்று அவருக்காகவே அந்த நிகழ்ச்சியைப் பார்த்தார். அவருக்கு நடிகை யார் என்று தெரியாமல் இல்லை. தெரிந்துதான் பார்த்தார்.

நீடிப்பது ஒரு பக்கம் இருக்க, விட்டுப் போக நினைப்பவர்களுக்குப் படம் போவதில்லை என்பது இன்னொரு பக்கம். எங்கள் ஆபீசில் அதற்குத் தனி வரிசை உண்டு, ஆள் குறைந்தால் என்னையும் போடுவார்கள். சம்மதத்தைத் திரும்பப் பெறுகிறேன், எடுத்துவிடுங்கள் என்று படிவம் வரும். காரணம் எழுதக் கட்டாயம் இல்லை. சிலர் எழுதுவார்கள்: புது வேலை, மதம், மகளுக்குக் கல்யாணம். தளத்தில் இருப்பதை எடுத்துவிடலாம். காசெட்டில் வந்து, டி.வி.டி.யாகி, யாரோ திருடிப் பத்து இடத்தில் போட்டதை எடுக்க அவரே தளம் தளமாகப் படியேற வேண்டும். ஜப்பானில் 2022ல் இதற்கென்று ஒரு சட்டம் போட்டார்கள். ஒப்பந்தம் போட்டு ஒரு மாதம் கழித்துத்தான் படம் பிடிக்க வேண்டும், பிடித்து நான்கு மாதம் கழித்துத்தான் வெளியிட வேண்டும், வெளியான பிறகும் ஒரு வருடத்துக்குள் காரணம் சொல்லாமல் ஒப்பந்தத்தை முறிக்கலாம். நல்ல சட்டம் என்றுதான் எனக்குத் தோன்றியது. ஆனால் நடிகைகளிலேயே ஒரு பகுதியினர் இதனால் வேலை குறைந்துவிட்டது, எங்களைக் கேட்காமலே எங்களுக்காகச் சட்டம் போட்டுவிட்டார்கள் என்று எதிர்த்தார்கள். இதில் யார் பக்கம் நிற்பது? இருபது வயதுக்காரிக்கு அந்த ஒரு மாதம் தேவை. ஐம்பது வயதுக்காரிக்கு அந்த மாத வாடகை தேவை.

போன மாசி மாதம் கரகாட்ட அக்கா வீட்டுக்கு வந்தார். பக்கத்து ஊர்க்காரர். நலிந்த கலைஞர்களுக்கான உதவித்தொகைக்கு விண்ணப்பிக்க வேண்டும், "உங்க வீட்லதான் கம்ப்யூட்டர் இருக்காமே" என்று ஒரு மஞ்சப்பையில் ஆதார், ரேஷன் கார்டு, பழைய போட்டோ எல்லாம் போட்டுக்கொண்டு வந்திருந்தார். கல்யாணத்துக்குப் பிறகு ஆட வந்தவர். வீட்டுக்காரர் தவில். தஞ்சாவூர், பட்டுக்கோட்டை, அந்தப் பக்கம் புதுக்கோட்டை வரை ஆடியிருக்கிறார்கள். இப்போது முட்டி போய்விட்டது, உட்கார்ந்தால் எழுந்திருக்க ஆள் வேண்டும். பகல் நேரம், ஆபீஸ் லேப்டாப்பைத் தொடக் கூடாது என்பதால் வீட்டுக்காரரின் கம்ப்யூட்டரில் அவர் படிவத்தை நிரப்பிக்கொண்டிருந்தேன். பிறந்த வருடம் கேட்டேன்.

"ஆதார்ல என்ன போட்ருக்கோ அதையே போடு தங்கச்சி. நெசமான வருசம் எங்க அம்மாவுக்கே தெரியாது."

போட்டேன். அப்புறம் அவர் கேட்டார், நீ ராத்திரி ராத்திரி என்னதான் பார்க்கிறாய் என்று. ஏனோ அவரிடம் சொல்லத் தோன்றியது. மாமியார் கொல்லைப்பக்கம் இருக்கிறாரா என்று பார்த்துவிட்டுச் சொன்னேன். முகம் சுளிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் தொழில்காரராகத்தான் கேட்டார்.

"என் வயசுக்காரங்களுமா வர்றாங்க?"

"உங்களைவிடப் பெரியவங்களும் இருக்காங்க அக்கா."

"யாரு கூப்புடுறா?"

"யாரும் கூப்பிடுறதில்ல. அவங்களே எடுத்து அவங்களே போட்டுக்கிறாங்க. பாக்குறவங்க காசு நேரா இவங்களுக்கு வந்துடும்."

"அப்ப செட்டுக்காரன் கெடையாது."

"கெடையாது."

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு ஆரம்பித்தார். நாற்பது தாண்டியபோது அவர் ஆட்டம் முன்னைவிட நன்றாக இருந்ததாம். தலையில் செம்பு அசையாமல் கீழே கிடக்கிற ஊசியைக் கண் இமையால் எடுத்தது அந்த வயதில்தான். ஆனால் அச்சாரம் கொடுக்க வருகிறவர்கள் செட்டுக்காரனிடம் "பழைய ஆள அனுப்பாத, ரெண்டு புது ஆளா அனுப்பு" என்பார்களாம். அவன் இவரைச் சேர்த்து அனுப்பினால், இறங்கும்போது பாதிக் காசு. "ஆடறப்ப எனக்கு வயசே தெரியல தங்கச்சி. அடுத்தவன் வந்து கூப்புட்டாத்தான் வயசு" என்றார். ராத்திரி பன்னிரண்டு மணிக்குமேல் கூட்டம் கேட்கிற பாட்டு, கூட்டம் பேசுகிற பேச்சு பற்றியும் சொன்னார். அதை இங்கே எழுத மாட்டேன். வெள்ளைக்காரி கேமரா முன்னால் நிற்பதைவிட அது எப்படிக் கௌரவமான வேலை என்று என்னைக் கேட்டார். அவரிடம் கோபம் இல்லை, நிஜமாகவே தெரிந்துகொள்ளத்தான் கேட்டார்.

காபி குடித்துவிட்டு, இன்னும் கிளம்பாமல் இருந்தார். வேறு ஏதோ கேட்க வந்திருக்கிறார் என்று புரிந்தது. அவர் மருமகள் பி.காம். படித்தவள், பையன் துபாயில் இருக்கிறான், குழந்தைகள் பள்ளிக்கூடம் போய்விட்டார்கள், வீட்டில் சும்மா இருக்கிறாள். "உன் வேலைக்கு அவளச் சேத்து விடேன். தேதிதானே பாக்கணும், நல்லாப் பாப்பா." மருமகளுக்கு 36 வயது. எங்கள் டீம் லீடரிடம் அன்று ராத்திரியே கேட்டேன், ஆள் தேவைதான், நல்ல ஆளாக இருந்தால் அனுப்பு என்றார். ரெண்டு நாள் கழித்து எச்.ஆரிலிருந்து பதில் வந்தது: புதிதாகச் சேர்கிறவர்கள் 32 வயதுக்குள் இருக்க வேண்டும், கொள்கை முடிவு. அக்காவிடம் இதை அப்படியே சொல்ல வாய் வரவில்லை. இப்போதைக்கு ஆள் எடுக்கவில்லையாம் என்று சொல்லி வைத்திருக்கிறேன்.